கை வாய்க்குப் போகுமுன்

பிரெஞ்சுப் படங்களில் எப்போது பார்த்தாலும் யாராவது சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். காதல் முறிந்தாலும் மேசை, கொலை நடந்தாலும் மேசை, செத்த ஆளைப் புதைத்துவிட்டு வந்தாலும் மேசை. அந்த மேசைகளை வெட்டி ஒட்டித்தான் என் வயதில் பாதியை ஓட்டியிருக்கிறேன்.

இதைத் திருகோணமலையில் ஆட்களுக்கு விளங்கப்படுத்தி நான் களைத்துவிட்டேன். படத்தொகுப்பு என்றால், அப்படியென்றால் நடிக்கிறதில்லையா என்று கேட்பார்கள். இல்லை. படம் எடுக்கிறதும் இல்லையா? அதுவும் இல்லை. எடுத்து வைத்த படத்தை வெட்டி ஒழுங்குபடுத்துகிற வேலை என்றதும், அக்காவின் பக்கத்து வீட்டு ரீச்சர், அதையெல்லாம் இப்போது கொம்பியூட்டர் தானே செய்துவிடும் என்றார். எனக்குக் கோபம் எப்போதும் மூக்கு நுனியில் நிற்கும். அக்கா மேசைக்குக் கீழே என் காலை மிதித்ததால் ரீச்சர் தப்பினார்.

அந்தக் கோபம்தான் எனக்கு வேலையும் எடுத்துத் தந்தது. பாரிஸுக்குப் போன புதிதில், முன்னமே அங்கே போயிருந்த என் அண்ணன் பிடித்துத் தந்த வேலை காலையில் ஆட்கள் வேலைக்கு வருமுன் கந்தோர்களைக் கூட்டித் துடைப்பது. அதில் ஒன்று படத்தொகுப்புக் கூடம். அப்போது எல்லாம் படச்சுருள். நிலம் முழுக்க வெட்டுத்துண்டுகள் சுருண்டு கிடக்கும். ஒருநாள் உதவியாள் வரவில்லை. தலைமைத் தொகுப்பாளர் ஒரு பெண், சிகரெட்டும் சிடுசிடுப்புமாகத் திரிகிறவர். சுருளின் ஒரு நுனியைப் பிடி என்று என்னைப் பார்த்துக் கத்தினார். நானும் விளக்குமாற்றைப் போட்டுவிட்டுத் தமிழில் திருப்பிக் கத்தினேன். என்ன சொன்னேன் என்பது அவருக்குக் கடைசிவரை தெரியாது, நல்லகாலம். பயப்படாத ஒருத்தி கிடைத்தாள் என்று அடுத்த கிழமை என்னையே உதவியாளாக வைத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு இந்தக் கை வெட்டாத படம் இல்லை. பொலிஸ் படம், பகிடிப் படம், சிப்பி வளர்க்கிறவர்கள் பற்றிய விவரணப் படம், சின்னப் பிள்ளைகளின் கார்ட்டூன், தொலைக்காட்சித் தொடர், கணவனும் மனைவியும் படம் முடியும்வரை ஒரு வார்த்தை கதைக்காத படம். அந்தக் கடைசிப் படத்தை வெட்டும்போது எனக்குப் பலதடவை நித்திரை வந்தது, ஆனால் அதற்குத்தான் பரிசு கிடைத்தது. ஒரு வகைப் படத்தில் பெயர் எடுத்தவர்கள் அதிலேயே நின்றுவிடுவார்கள். நான் கிடைத்ததை எல்லாம் செய்தேன். வாடகை கட்டவேண்டிய அகதிக்குத் தேர்ந்தெடுக்கிற வசதி ஏது? பிறகு அதையே பல்துறை ஆற்றல் என்று எழுதினார்கள். நானும் பேசாமல் இருந்துவிட்டேன்.

ஆனால் எனக்கென்று ஒரு பெயர் இருந்தது என்றால் அது சாப்பாட்டு மேசைக்குத்தான். ஒரு மேசையைச் சுற்றி ஆறு பேர் இருந்து கதைத்தால் வெட்டுகிறவளுக்கு உயிர் போகும். ஒருத்தரின் கிளாசில் வைன் ஏறும், இறங்கும். ஒருத்தி பாணை வலக்கையில் எடுத்து, அடுத்த வெட்டில் இடக்கையில் வைத்துக் கடிப்பாள். பார்வைகள் குறுக்கும் மறுக்கும் ஓடும். அதனால் எந்த நெறியாளருக்கு மேசைக் காட்சி சிக்கினாலும் என்னைக் கூப்பிடுவார். அந்தச் சிடுசிடுப்பு அம்மா எனக்குத் தந்த சட்டங்கள் இரண்டே. பார்வை எங்கே போகிறதோ, அடுத்து அதைக் காட்டு. கை வாய்க்குப் போகுமுன் வெட்டு. மெல்லுகிற வாயைப் பார்க்க ஒருவரும் ரிக்கெட் வாங்கி வருவதில்லை என்பார். அந்த இரண்டாவது சட்டம் என் கையில் ஊறிவிட்டது. யோசிக்காமலே வெட்டிவிடுவேன்.

போன வருடம் அக்காவின் மகளுடைய கல்யாணத்துக்கு வந்தேன். வந்தவள் வேலையிலிருந்து ஓய்வும் எடுத்துவிட்டதால் அப்படியே தங்கிவிட்டேன். அக்கா வீடு உட்துறைமுகத்துக்குக் கிட்ட. மாடிக்கு ஏறினால் கப்பலும் தெரியும், குடாவுக்கு அந்தப் பக்கம் சம்பூர்க் கரையும் ஒரு கோடாகத் தெரியும். அத்தான் துறைமுகத்தில் கிளார்க்காக இருந்தவர். நல்ல மனுசன், கொஞ்சம் பரபரப்புக்காரன். பின்னேரங்களில் மாடியில் கதிரையைப் போட்டு அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டிருப்பார். சம்பூரில்தான் அவருடைய அண்ணன் இருக்கிறார். நாங்கள் பெரியத்தான் என்போம்.

அண்ணனும் தம்பியும் கதைத்துக் கனகாலம். எல்லாம் ஒரு கிணற்றால் வந்தது. யுத்தத்தில் ஊர் முழுக்க இடம்பெயர்ந்து, பல வருடம் கழித்துக் காணி திரும்பக் கிடைத்தபோது வேலி இல்லை, எல்லைக்கு நின்ற பனையும் இல்லை. கிணறு மட்டும் அப்படியே இருந்தது. அது தன் பக்கம் என்று இவர், தன் பக்கம் என்று அவர். நகரத்தில் குழாய்த் தண்ணீர் குடிக்கிற அத்தானுக்கு அந்தக் கிணறு எதற்கு என்று அக்கா கேட்டு அலுத்துவிட்டாள். வாய்த்தர்க்கம் முற்றி, உன் வீட்டில் இனிக் கை நனைக்கமாட்டேன் என்று பெரியத்தான் சொல்லிவிட்டுப் போனார். எங்கள் பக்கத்தில் கை நனைக்கிறது என்றால் சாப்பிடுகிறது. கோபம் இருக்கிற வீட்டில் சாப்பிடமாட்டார்கள். சாப்பிட்டால் கோபம் முடிந்தது, அதற்குமேல் கேள்வியில்லை.

மகளின் கல்யாணத்துக்கு அத்தான் சம்பூருக்குப் போய், வாசலில் நின்று கார்டைக் கொடுத்துவிட்டு வந்தார். பெரியத்தான் வருவாரோ என்று வீட்டில் கல்யாணத்தைவிட அதுதான் பெரிய கதை. வந்தார். வெள்ளை வேட்டி, சால்வையோடு வந்து, பிள்ளைகளை ஆசீர்வதித்து, பந்தியிலும் இருந்தார். அக்கா கண்ணால் கண்டாள். அத்தானுக்குத் தலைகால் தெரியவில்லை. அண்ணை வந்து கை நனைத்துவிட்டார் என்று கடைத்தெரு முழுக்கச் சொல்லித் திரிந்தார். கல்யாணக் களைப்பு ஆறியதும் சம்பூருக்குப் போய் அண்ணனோடு இரண்டு நாள் நிற்கப்போவதாக, அங்கே உடுக்கச் சாரங்கள் இரண்டைப் புதிதாக வாங்கியும் வைத்தார்.

அதற்குள் நான் கையை வைத்துக்கொண்டு சும்மா இருக்காமல் கெடுத்தேன். வீடியோக்காரர் கொண்டுவந்த கல்யாணப் படத்தில் மணப்பெண்ணின் தலையைச் சுற்றி இதயங்கள் பறந்தன. பாட்டு ஒன்று முடிய இன்னொன்று. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வெட்டாத படம் முழுவதையும் தாருங்கள், நான் செய்கிறேன் என்று கேட்டு வாங்கினேன். இரண்டு கமெரா. ஒன்று மண்டபமும் வாசலுமாகத் திரிந்தது, மற்றது பந்தியில் நின்றது. மாடியில் மடிக்கணினியை வைத்துக்கொண்டு வெட்டினேன். வெட்டினேன் என்றால், பாரிஸில் வெட்டுகிற மாதிரி. ஒன்றரை மணித்தியாலத்துக்குள் ஒரு வடிவான படம். அக்கா தாலி கட்டும்போது விம்மியது, ஐயர் கைபேசியைப் பார்த்தது, வாசலில் கட்டிய வாழைமரத்தை ஊருக்குள் திரிகிற மான் ஒன்று வந்து கடித்தது, எல்லாம் இருந்தது. மேடையில் வரிசையாக வந்து நின்று படம் எடுத்த சனத்தை மொத்தமாகத் தூக்கிவிட்டேன்.

படத்தை வெளிநாட்டுச் சொந்தங்களுக்கு அனுப்பியதுதான் தாமதம், தொலைபேசி அடிக்கத் தொடங்கியது. ரொறன்ரோ சித்தி தான் கட்டிய சீலை ஒரு இடத்திலும் இல்லை என்றார். பாரிஸ் லா சப்பலில் கடை வைத்திருக்கிற மச்சான், தான் வந்தும் வராத கணக்காகிவிட்டது என்றார். கல்யாண வீடியோ என்பது கலையில்லை, வந்தவர்களுக்குச் சாட்சி என்று எனக்கு ஒருவரும் சொல்லித்தரவில்லை. சொல்லியிருந்தாலும் நான் கேட்டிருப்பேன் என்று நிச்சயமில்லை. இதெல்லாம் சிரித்துக் கழிக்கக்கூடிய குறைகள். லண்டனில் இருக்கிற அத்தானின் தங்கச்சி எடுத்த அழைப்புத்தான் வீட்டைக் குழப்பியது.

"பெரியண்ணை இருந்தவர், குழைச்சவர், கையைத் தூக்கினவர். பிறகு ஒரு குழந்தை சிரிக்குது. அவர் சாப்பிட்டவரோ, இல்லையோ?"

அத்தான் ஓடிப்போய்ப் படத்தைப் போட்டுப் பார்த்தார். பெரியத்தான் இலைக்கு முன்னால் இருக்கிறார். சோற்றைக் குழைக்கிறார். கை மேலே வருகிறது. வெட்டு. அடுத்தது குழந்தை. என் கை தன் பழக்கத்தில் வேலை செய்திருந்தது. லண்டன் தங்கச்சி அதற்குள் கனடாவுக்கும் எடுத்துக் கதைத்துவிட்டாள். மூத்தவர் சபைக்காக இருந்துவிட்டுச் சாப்பிடாமல் எழும்பிவிட்டாராம் என்று கதை ஊருக்குத் திரும்பி வந்தது. அத்தான் மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்கொண்டு மாடியில் இருந்தார். புதுச் சாரங்கள் அலுமாரிக்குள் போய்விட்டன. சம்பூருக்கு எடுத்துக் கேளுங்களேன் என்றேன். என் அறிவு அவ்வளவுதான்.

"சாப்பிட்டனீங்களோ எண்டு அண்ணையிட்டை எப்பிடிக் கேக்கிறது? சாப்பிட்டிருந்தா, சந்தேகப்பட்டன் எண்டு கோவிப்பார். சாப்பிடாட்டி, அதை என்னாலை கேட்டுத் தாங்கேலாது." பிறகு சொன்னார், "நீ வெட்டி எறிஞ்சதுக்குள்ளை கிடக்கும் பிள்ளை. எடுத்துத் தா."

நானும் பெரிய நம்பிக்கையோடுதான் தேடினேன். பந்திக் கமெரா அந்த மனிதரை நல்ல நேரம் பிடித்திருந்தது. கையைத் தூக்குகிறார். வாய்க்குக் கிட்டக் கொண்டுபோனவர் நிறுத்தி, வாசல் பக்கம் பார்க்கிறார். கையை இறக்குகிறார். திரும்பக் குழைக்கிறார். திரும்ப வாசலைப் பார்க்கிறார். பக்கத்து இலைக்காரர் பாயாசம் கேட்கிறார். இவர் இன்னும் பார்க்கிறார். பிறகு சோறு அப்படியே இருக்க, இலையை மடித்துவிட்டு எழும்புகிறார்.

அவர் யாரைப் பார்த்தார் என்பது பார்வைகளை வெட்டிப் பிழைத்த எனக்குத் தெரியாமல் போகுமா? பந்தி நடக்கும்போது வீட்டுக்காரர் ஒவ்வொரு இலைக்கும் முன்னால் வந்து, வடிவாகச் சாப்பிடுங்கோ, காணுமோ, இன்னும் போடவோ என்று கேட்கவேண்டும். அது எங்கள் முறை. அன்னியரிடமே கேட்பார்கள். இத்தனை வருடத்துக்குப் பிறகு வந்த அண்ணன், தம்பியின் அந்த ஒரு சொல்லுக்காகக் காத்துக்கொண்டிருந்திருக்கிறார். தம்பி எங்கே? மற்றக் கமெராவில் அதே நேரத்தைத் தேடிப் போட்டேன். அத்தான் வாசலில் நின்று, வாழைமரத்தைத் தின்ன வந்த மானைச் சால்வையால் விசிறிக் கலைத்துக்கொண்டு, வாய்கொள்ளாமல் சிரிக்கிறார். எனக்கு அழுகையும் வந்தது, அந்த மனிதனைப் பிடித்து உலுப்பவேண்டும் போலவும் இருந்தது.

உண்மையைச் சொல்லியிருக்கலாம். ஆனால் சொன்னால் அத்தான் உடைந்துபோவார், அண்ணனும் தம்பியும் அத்தோடு சரி. என் முன்னால் ஒரு கணினியும், மேசைக் காட்சிகளில் நான் பழகிய அத்தனை கள்ளத்தனமும் இருந்தன. பெரியத்தான் நிமிர்ந்து வாசலைப் பார்க்கிறார். வெட்டு. அத்தானின் சிரித்த முகம், மான் தெரியாமல், முகம் மட்டும். வெட்டு. பெரியத்தான் மெல்லுகிறார். அந்த மெல்லுகிற துண்டு, காலையில் மண்டபத்தில் அவர் வெற்றிலை போட்டுக்கொண்டு இருந்தபோது எடுத்தது. அதே சட்டை, அதே சால்வை. பின்னால் தெரிந்த நீலத் திரையை வெட்டி முகத்தைக் கிட்ட எடுத்தேன். அடியில் பந்திச் சத்தத்தைப் போட்டேன். ரசம், ரசம் என்று ஒருவர் கத்திக்கொண்டு போவது அவருடைய மெல்லுதலுக்கு அளவாகப் பொருந்தியது. அந்தச் சிடுசிடுப்பு அம்மா பார்த்திருந்தால் தோளில் தட்டியிருப்பார்.

அத்தானுக்குக் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். அண்ணன் சாப்பிட்டார் என்ற சந்தோசம் முகத்தில் வந்தது, உடனே போனது. அவருக்குத் தன்னைத் தெரியும்தானே. அந்தச் சிரிப்பு எதைப் பார்த்துச் சிரித்தது என்பதும் தெரியும்.

"நான் மானெல்லோ கலைச்சுக்கொண்டு நிண்டனான். அண்ணை என்னைப் பாத்துக்கொண்டு இருந்திருக்கிறார். நான் போய் ஒரு சொல்லுக் கேக்கேல்லை, கேக்காமலே சாப்பிட்டிருக்கிறார், பாவம்." மூக்கை உறிஞ்சிக்கொண்டு தொலைபேசியை எடுத்தார். "ஞாயிற்றுக்கிழமை வாங்கோ அண்ணை. பிள்ளையின்ரை கல்யாணப் படம் பாப்பம்."

யாரை வேண்டுமானாலும் ஏமாற்றலாம், சாப்பிடாத மனிதனிடம் நீ சாப்பிட்டாய் என்று படம் காட்டலாமா? எத்தனை படம் வெட்டியிருக்கிறேன், அதில் நடித்தவர்களுக்கு என்னுடைய கள்ளத்தனம் தெரியும், அவர்களுக்கு அதற்குச் சம்பளம். இவர் சம்பூரிலிருந்து பஸ் ஏறி வருகிற மனிதர். ஏதாவது சொல்லித் தடுக்கப் பார்த்தேன். கணினி பழுது என்றேன். பக்கத்து ரீச்சர் தன்னுடையதைத் தரலாம் என்றார். அந்த மனுசிக்கு எப்போதும் வரக்கூடாத நேரத்தில்தான் உதவி செய்ய மனம் வரும்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்துக்கு முன் பெரியத்தான் வந்தார். கையில் ஒரு பையில் மரவள்ளிக் கிழங்கு. வாசலில் நின்றவரை அத்தான் வாங்கோ என்றார். அவர் ம் என்றார். அதோடு கதை முடிந்தது. குசினியில் அக்கா சமைத்துவைத்துவிட்டு, வெளியே வரப் பயந்து கதவோடு நின்றாள். பெரியத்தான் கதிரையின் நுனியில் இருந்தார், தேத்தண்ணி வேண்டாம் என்றார். நான் படத்தைப் போட்டேன். வேறு வழி?

பிள்ளை மணவறைக்கு வந்தது, தாலி ஏறியது, ஐயர் கைபேசியைப் பார்த்தார். பெரியத்தான் அதற்குக் கொஞ்சம் சிரித்தார். பந்தி வந்தது. நான் திரையைப் பார்க்கவில்லை, அவர் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். திரையில் அவர் வாசலைப் பார்த்தார். தம்பி சிரித்தார். கதிரையில் இருந்த மனிதர் அப்படியே முன்னால் சாய்ந்தார். பிறகு திரையில் தான் மெல்லுவதைக் கண்டார். ரசம், ரசம் என்று சத்தம் போனது. அவர் முகத்தில் எனக்கு ஒன்றும் வாசிக்க முடியவில்லை.

"நிப்பாட்டும் பிள்ளை," என்றார். நிறுத்தினேன். திரையில் அவருடைய முகம் பெரிதாக நின்றது. அதை நல்ல நேரம் பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பினார். "சோறு திண்டு ஆருக்கு வாய் சிவந்தது?"

நான் திரையைப் பார்த்தேன். உதடு இரண்டும் செக்கச்சிவந்து இருந்தன. நீலத் திரையை எடுத்தேன், சத்தத்தைப் பொருத்தினேன், வெளிச்சத்தைச் சரிசெய்தேன், வெற்றிலை சிவக்கும் என்பது மட்டும் என் மண்டையில் ஏறவில்லை. வைன் கிளாசில் அரை விரல் ஏறி இறங்கினாலே கண்டுபிடிக்கிற ஆள் நான். பிரான்சில் ஒருவரும் வெற்றிலை போட்டு நடிக்கவில்லை. வெட்கத்தில் கதிரைக்குக் கீழே போய்விடலாம் போல இருந்தது.

அத்தான் அண்ணனையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தார். விளங்கிவிட்டது. அவர் முகம் போன போக்கைக் கண்டு பெரியத்தான் தலையைக் குனிந்தார்.

"நான் அண்டைக்குச் சாப்பிடேல்லையடா," என்றார். "நீ வந்து ஒரு சொல்லுச் சொல்லுவாய் எண்டு பாத்துக்கொண்டு இருந்தனான். நீ என்னைப் பாத்துச் சிரிச்சது தெரியேல்லை. தெரிஞ்சிருந்தா எழும்பியிருக்கமாட்டன்."

அத்தான் அந்த இடத்தில் பேசாமல் இருந்திருக்கலாம். அண்ணன் அவருடைய சிரிப்பை நம்பிவிட்டார், அதோடு எல்லாம் சரியாகியிருக்கும். ஆனால் அத்தானால் முடியவில்லை.

"நான் பாக்கேல்லை அண்ணை. அது மானைப் பாத்துச் சிரிச்சது. மான் வாழையைத் திண்டது. இவள் வெட்டி ஒட்டியிருக்கிறாள்."

"மானையோ?"

"ஓம். மானை."

பெரியத்தான் என்னைப் பார்த்தார். அத்தானும் பார்த்தார். கிணற்றுச் சண்டைக்குப் பிறகு அண்ணனும் தம்பியும் சேர்ந்து செய்த முதல் காரியம் என்னை ஏசியதுதான். ஒருவர் விட்ட இடத்தில் மற்றவர் பிடித்தார். பாரிஸில் இதற்கோ சம்பளம் தந்தவங்கள் என்று பெரியத்தான் கேட்டார். கல்யாண வீட்டில் ஒரு சனம் இல்லாமல் எல்லாரையும் வெட்டிப்போட்டு, சாப்பிடாதவரைச் சாப்பிட வைத்திருக்கிறாள் என்று அத்தான். திரையில் இருந்த சிவந்த வாயைப் பார்த்துப் பெரியத்தானுக்குச் சிரிப்பு வந்தது. அத்தானுக்கும் வந்தது. எனக்குத்தான் சிரிக்கவும் தெரியவில்லை, கோபப்படவும் தெரியவில்லை.

சிரிப்பு அடங்கியதும் அத்தான் எழும்பி அண்ணனுக்கு முன்னால் போய் நின்றார்.

"சாப்பிடுங்கோ அண்ணை."

பெரியத்தான் மூக்கைச் சால்வையால் துடைத்துக்கொண்டு எழும்பிக் கைகழுவப் போனார். அக்கா இலையைப் போட்டாள். அத்தான் யாரையும் விடாமல் தானே சோற்றைப் போட்டு, மீன்குழம்பை ஊற்றி, பக்கத்தில் நின்று காணுமோ, காணுமோ என்று கேட்டுக்கொண்டிருந்தார். பெரியத்தான் குழைத்தார். கை மேலே வந்தது. என்னுடைய பழக்கம் போகாது, அந்த இடத்தில் கண்ணை எடுத்துவிடப் பார்த்தேன். எடுக்கவில்லை. கை வாய்க்குப் போனது.

அந்த நேரம் பார்த்து அத்தானின் கைபேசி அடித்தது. லண்டன் தங்கச்சி. முகம் தெரிகிற அழைப்பு. வணக்கம் சுகம் ஒன்றும் இல்லை, எடுத்த உடனே, பெரியண்ணை சாப்பிட்டவரோ, படத்தில் தேடிப் பார்த்தீர்களோ என்று தொடங்கினாள். அத்தான் பதில் சொல்லாமல் கைபேசியை அண்ணனின் முகத்துக்குக் கிட்டப் பிடித்தார். அவ்வளவு கிட்டப் பிடித்தால் வாய் மட்டும்தான் தெரியும். பிரான்சில் எவரும் அப்படி ஒரு துண்டைப் படத்தில் வைக்க விடமாட்டார்கள். கன்னம் உப்ப, மீசையில் குழம்போடு பெரியத்தான் மென்று முடிக்கக்கூட இல்லை.

"சாப்பிட்டுக்கொண்டு இருக்கிறன்," என்றார். "பிறகு எடு."